கரண்டு போன பிறகும் ஓடிய தறி

அருப்புக்கோட்டையில் எட்டு விசைத்தறி வைத்திருந்த உக்கிரபாண்டிக்கு வாய் மட்டும் நூறு தறிச் சத்தம் போடும். ராத்திரி ஷிப்டில் தனியாக நிற்கும் ஜோஸ்வா ஒருநாள், "மொதலாளி, கரண்டு போனா பின்னால யாரோ நிக்கிற மாதிரி இருக்கு. தொணைக்கு ஒரு ஆளு போடுங்க" என்று கேட்டான்.

"தறிக்கு நடுவுல தொட்டில் கட்டித் தாரேன், படுத்துக்கிறியாலே?" என்று எல்லோர் முன்னாலும் சிரித்தார்.

மறுநாள் ஜோஸ்வா வரவில்லை. வேறு ஆள் கிடைக்காமல் முதலாளியே தறி ஓட்டினார். நடுராத்திரியில் கரண்டு போனது. தறிகள் நின்றன, அவர் காதில் மட்டும் சத்தம் நிற்கவில்லை. இருட்டில் தடவி ஒவ்வொரு தறியாகத் தொட்டுப் பார்த்தார். எதுவும் அசையவில்லை. அப்போது யாரோ இருமினார்கள். இருமியது தான்தான் என்று புரிவதற்குள், தறியில் மாட்டிய கைலியை அங்கேயே விட்டுவிட்டு, பட்டாப்பட்டி டவுசரோடு தெருவில் நின்றார்.

காலையில் நூல் சுற்ற வந்த முத்துத்தாய் கைலியை எடுத்துக் கொடுத்து, "உள்ள யாரு மொதலாளி இருந்தாக?" என்றாள்.

"ஒரே புழுக்கம்" என்றார் அந்த வீரர்.

அன்றைக்கே ஜோஸ்வா வீட்டுக்கு ஆள் அனுப்பினார். ராத்திரி ஷிப்டுக்கு இரண்டு பேர் போட்டது உற்பத்தியைக் கூட்டத்தான் என்று டீக்கடையில் சத்தமாகச் சொன்னார். கேட்டவர்கள் தலையைக் குனிந்து டீயைக் குடித்தார்கள்.