பெண்கள் பக்கம்

"அது எங்க வீட்டுக்காரர் கார் சத்தம்தான்," என்றாள் ஆர்கன் டீச்சர். குரல் வெறும் காற்றாகத்தான் வந்தது.

போதகரம்மா அடுப்பை அணைத்துவிட்டுச் சமையலறைக் கதவைத் தாழிட்டாள். வாசலில் கார் நின்றது. எஞ்சின் நிற்கவில்லை. உள்ளே போனோம், கூட்டிக்கொண்டு வந்தோம், அவ்வளவுதான் வேலை என்று நினைக்கிற மனிதர் அப்படித்தான் காரை உறுமவிட்டுவிட்டு இறங்குவார்.

ஆர்கன் டீச்சர் காஸ் சிலிண்டருக்கும் சுவருக்கும் நடுவில் ஒடுங்கி உட்கார்ந்திருந்தாள். வலது கையை மடியில் ஒரு குழந்தையைப் போல ஏந்தியிருந்தாள். மூன்று விரல்கள் நீலம் பாரித்து வீங்கிக் கிடந்தன. பதினான்கு வருஷமாக ஞாயிறுதோறும் அந்த விரல்கள் எடுத்துக் கொடுத்த சுருதியில்தான் சபை முழுவதும் பாடியது.

"வீட்டுப் பியானோ மூடின்னியே, தவறி விழுந்துடுச்சா?" என்று கேட்டாள் போதகரம்மா.

"விழலம்மா. வாசிச்சிட்டிருந்தேன். பின்னால வந்து நின்னாரு. பாடகர் குழு மாஸ்டர்கிட்ட யாரைக் கேட்டுப் போன்ல பேசினேன்னாரு. நான் வாயைத் திறக்கறதுக்குள்ள மூடியை இறக்கிட்டாரு. இறக்கிட்டு, மேலயே உட்கார்ந்துட்டாரு. உட்கார்ந்துக்கிட்டு, ஜெபம் பண்ணுன்னாரு."

டீச்சரின் கணவர் சபையின் மூத்த மூப்பர். எந்தப் போதகர் இருப்பார், எவர் பெட்டி கட்டுவார் என்பதெல்லாம் அவர் கண்ணசைவில் இருந்தது. சபை கொடுத்த இந்த வீட்டுக் கூரையின் ஒழுகலை அடைக்கவும் அவர் மனசு வைக்க வேண்டும்.

முன்னறையில் அவர் பேசுவது கேட்டது. குரலை உயர்த்தியே பழக்கமில்லாதவர். "ஏதோ கோவத்துல வந்துட்டா, ஐயா. கூட்டிட்டுப் போயிடறேன்."

சற்று நேரத்தில் சமையலறைக் கதவு தட்டப்பட்டது. போதகர்தான்.

"கதவைத் தொற. மூப்பர் காத்துக்கிட்டிருக்காரு."

"இருக்கட்டும்."

"புருஷன் பொண்டாட்டி விஷயம். நாம நடுவுல போய் நிக்கக் கூடாது. புருஷன் தலை, மனைவி சரீரம். வேதத்துல இருக்கு. நானா சொல்றேன்?"

போதகரும் போதகரம்மாவும் இறையியல் கல்லூரியில் ஒரே வகுப்பு. கிரேக்கப் பாடத்தில் அவர் தடுமாறியபோது கைபிடித்துத் தூக்கிவிட்டவள் அவள். முடிவில் அவருக்கு அங்கியும் பிரசங்க மேடையும் கிடைத்தன. அவளுக்கு ஞாயிறு வகுப்பும், குழந்தைகள் உடைத்துப் போடும் வண்ணக் குச்சிகளும்.

"தலை, தன் சரீரத்தோட விரலை நசுக்கிட்டு மேல ஏறி உட்காருமா?" என்று கதவுக்கு இந்தப் பக்கமிருந்து கேட்டாள்.

"மெதுவாப் பேசு! ஒவ்வொருத்தருக்கும் ஒரு சிலுவை இருக்கு. பொறுமையாச் சுமந்தா…"

"சிலுவையில தொங்கினவரைத்தான் கும்பிடறோம். ஆணி அடிச்சவனுக்கு யாரும் மூப்பர் பதவி குடுக்கல. நம்ம சபையிலதான் அந்த அதிசயம். தையல்காரிகிட்டயும் இதே சிலுவையைத்தானே சொன்னீங்க?"



இரண்டு வருஷத்துக்கு முன்னால் தையல்காரியும் உதடு கிழிந்து இந்த வீட்டுக்கு ஓடிவந்தாள். போதகர் அவள் கையையும் கணவன் கையையும் சேர்த்துவைத்து, உருக்கமாக ஜெபித்து அனுப்பினார். பன்னிரண்டாம் நாள் அவளை மாடிப்படிக்குக் கீழே பிணமாகக் கண்டார்கள். கால் வழுக்கிவிட்டது என்றான் கணவன். அடக்கத்துக்கு முன் அவளைக் குளிப்பாட்டியவர்கள் போதகரம்மாவும் இன்னும் நான்கு பெண்களும். கழுத்தில் விரல்கள் பதிந்த தடம் இருந்தது. ஒருத்தி காலரைத் தூக்கிப் பொத்தான் போட்டாள். ஐவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் கோவிலுக்குப் போய், மற்றவர்களோடு சேர்ந்து பாடினார்கள்.

போதகரம்மா தாழ்ப்பாளை விலக்கினாள். டீச்சரின் நல்ல கையைப் பிடித்துக்கொண்டு, கணவரைத் தாண்டி முன்னறைக்கு வந்தாள்.

மூப்பர் எழுந்து வாசற்கதவில் நின்றார். முகத்தில் சிரிப்பு. "போதகரம்மாவுக்கு ரொம்பச் சிரமம் குடுத்துட்டா. வாம்மா, போலாம்."

"ஆஸ்பத்திரிக்குப் போறோம். வழி விடுங்க."

"நான் கூட்டிட்டுப் போறேனே."

"வேண்டாம். எப்படி ஆச்சுன்னு டாக்டர் கேப்பாரு. அதுக்கு இவதான் பதில் சொல்லணும்."

அவர் அசையவில்லை. சிரிப்பும் மாறவில்லை. அவள் தலைக்கு மேலாகப் போதகரைப் பார்த்து, "உங்க வீட்ல தலை யாரு, ஐயா?" என்று கேட்டார்.



எதிர்வீட்டு மாடியில் துணி உலர்த்திக்கொண்டிருந்தவளைப் பார்த்து, போதகரம்மா தெருவே திரும்பும்படி கத்தினாள். "அக்கா! கொஞ்சம் கீழ வாங்க! மூப்பர் சம்சாரத்துக்குக் கை உடைஞ்சிருக்கு!"

ஜன்னல்கள் திறந்தன. மூப்பர் அரை அடி நகர்ந்தார். டீச்சர் கடக்கும்போது அவள் காதருகே குனிந்து, "எங்க சுத்தினாலும் வீட்டுக்குத்தானே வரணும்," என்றார்.

அவள் வீட்டுக்குப் போகவில்லை. இரண்டு விரல்களில் எலும்பு முறிவு என்று டாக்டர் எழுதினார். போலீசில் புகார் கொடுத்துவிட்டு அக்காள் வீட்டில் தங்கினாள். புகாரில் சாட்சியாகப் போதகரம்மா கையெழுத்திட்டாள்.

சனிக்கிழமை செயற்குழு கூடியது. ஏழு ஆண்கள். குடும்ப ஒற்றுமையைக் குலைத்த குற்றத்துக்காகப் போதகரம்மா ஞாயிறு வகுப்பிலிருந்து நீக்கப்பட்டாள். சபையில் பெண்கள் வாய் திறக்கக் கூடாதென்பதே வேத ஒழுங்கு, அது இனி கண்டிப்பாகக் கடைப்பிடிக்கப்படும் என்று தீர்மானம் முடிந்தது. மூப்பர் சபையின் மூத்தவராகவே நீடித்தார்.

போதகர் தீர்மானத்தின் நகலைச் சாப்பாட்டு மேசையில் வைத்தார். "நான் கையெழுத்துப் போடலேன்னா இந்த வீடு போயிடும். புரிஞ்சுக்கோ."

அவள் இரண்டு முறை படித்தாள். "நல்ல தெளிவா எழுதியிருக்கீங்க. கீழ்ப்படியறோம்."

"'றோம்'னா?"

"நான் ஒருத்திதானா பொம்பள?"

தாளை மடித்து எடுத்துக்கொண்டு, தையல்காரியைக் குளிப்பாட்டிய நான்கு பெண்களின் வீடுகளுக்கும் அன்றே போய் வந்தாள். அந்த நால்வரும் அவரவர் தெருவில் வீடு வீடாகப் படியேறினார்கள்.

மறுநாள் ஆராதனையில் ஆர்கன் மூடிக் கிடந்தது. போதகர் பாட்டின் எண்ணைச் சொன்னார். எல்லாரும் எழுந்தார்கள். ஆண்கள் பக்கமிருந்து கட்டைக் குரல்கள் சில கிளம்பி, சுருதி சேராமல் முட்டிக்கொண்டு, அரை அடியில் நின்றுபோயின. அந்தக் கோவிலில் அப்படியொரு அமைதியை யாரும் கேட்டதில்லை. போதகர் எண்ணை மறுபடி சொன்னார்.

பெண்கள் பக்கத்தில் நூற்றைம்பது பேர் பாட்டுப் புத்தகத்தைத் திறந்து பிடித்தபடி நின்றார்கள். ஒருத்தியும் வாய் திறக்கவில்லை. ஒழுங்கை மீறினார்கள் என்று யாரும் குறை சொல்ல முடியாது.

முன் பெஞ்சிலிருந்த மூப்பர் கழுத்தைத் திருப்பினார். முதலில் அவர் கண்ணில் பட்டது தன்னைப் பெற்றவள். பியானோ இருக்கும் அறைக்கு அடுத்த அறையில் படுப்பவள், அன்றைக்கு எல்லாவற்றையும் காதால் கேட்டவள். அவள் மகனை நேராகப் பார்த்துக்கொண்டு, உதடுகளை இறுக மூடி நின்றாள்.