கண்ணை எடுத்த நேரம்

டைரக்டர் சேஷகிரி "கட்" சொன்ன பிறகும் முற்றத்தில் யாரும் அசையவில்லை. லட்சுமம்மா, கதையில் இறந்துபோகும் மகனின் சட்டையைக் கொடியில் காயப்போட்டுவிட்டு, அதன் கையைப் பிடித்தபடியே நின்றிருந்தார். கிளிசரின் இல்லாமல் வந்த கண்ணீர். சேஷகிரி மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "ஓகே. அம்மாவுக்குக் காபி குடுங்கப்பா" என்றார்.

கேமராவுக்குப் பின்னால் சில்வெஸ்டருக்கு மட்டும் வியர்த்துக்கொட்டியது.

பல வருடம் டிவி சீரியல் எடுத்துப் பழகியவன். வீடியோ கேமரா ஓடும்போது கண்ணை எடுத்து எங்கே வேண்டுமானாலும் பார்க்கலாம். படத்துக்கு ஒன்றும் ஆகாது. ஃபிலிம் கேமரா அப்படியில்லை. கண்ணை விலக்கினால், கண் வைத்துப் பார்க்கும் துளை வழியாகவே வெளிச்சம் உள்ளே புகுந்து ஃபிலிமைத் தின்றுவிடும். இந்த முதல் படம் கைக்கு வந்த நாளிலிருந்து அவனுக்கு அதே பயம்தான். இன்று லட்சுமம்மாவின் உதடு துடித்ததும், தன்னையறியாமல் தலையைத் தூக்கி வெறுங்கண்ணால் பார்த்துவிட்டான். எவ்வளவு நேரம்? ஒரு மூச்சு விடும் நேரமா, அதற்கும் மேலா? முதுகில் வெயில் சுட்டது. அதே வெயில் அந்தத் துளையிலும் விழுந்திருக்கும்.

ஃபோகஸ் பார்க்கும் ரவிக்குமார் லென்ஸைத் துடைக்கிற சாக்கில் குனிந்தான்.

"பாத்தேன் குரு. வாயத் தொறக்காத. மெட்ராஸ் லேப்ல கழுவுனா தெரியாமக்கூடப் போயிடும்."

"தெரிஞ்சா?"

"கேமராவுலயே வெளிச்சம் லீக்குன்னு சொல்லிக்கலாம். வாடகைக் கேமராதானே, பிடு, விட்டுத் தள்ளு."

லட்சுமம்மா காபியை ஆற்றிக்கொண்டிருந்தார். இன்றைக்கே துபாயில் இருக்கும் மகளிடம் கிளம்புகிறார். டாக்ஸி வந்து பெங்களூர் அல்சூரின் அந்தச் சின்னத் தெருவை அடைத்துக்கொண்டு நின்றது. அவர் திரும்புவதற்குள் படம் முடிந்துவிடும். சொல்வதென்றால் இப்போதே சொல்ல வேண்டும். சொன்னால், 'சீரியல்காரனை நம்பினேன் பாரு' என்ற பேச்சு சினிமாக்காரர்களின் காந்திநகர் முழுக்கச் சுற்றும். அடுத்த படம் வராது. சொல்லாவிட்டால், லேப்பிலிருந்து ஃபோன் வரும்வரை தூக்கம் வராது.

அவர் டம்ளரைக் கீழே வைத்தார். "ஆயிதா? முடிஞ்சுதுன்னா மேக்கப்பைக் கலைக்கட்டுமா?"

"கொஞ்சம் இருங்கம்மா." சில்வெஸ்டர் சேஷகிரி பக்கம் திரும்பினான். "சார், இன்னொரு டேக் வேணும். நடுவுல நான் கண்ண எடுத்துட்டேன்."

சேஷகிரி அவனையே பார்த்தார். திட்டியிருந்தால் தேவலை. "எடுத்ததப் பாக்க இங்க மானிட்டர் கிடையாது சில்வெஸ்டர். உன் கண்ணு மட்டுந்தான்" என்றார் மெதுவாக.

லட்சுமம்மா திரும்பினார். "எதுக்குப்பா எடுத்தே?"

"நீங்க அழுதீங்கம்மா."

"அடப்பாவி, அதப் பாக்கத்தானே உன்ன அங்க நிக்க வெச்சிருக்காங்க." சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது. "இருந்த தண்ணியெல்லாம் வந்துடுச்சே. இனி எங்க போய் அழுவேன்?"

யாரோ கிளிசரின் பாட்டிலை நீட்டினார்கள். வேண்டாமென்று கையசைத்தார். சட்டையை மறுபடி வாளியில் நனைத்தார்கள்.

இந்தத் தடவை துளையைச் சுற்றியிருந்த ரப்பர் வளையம் பதிந்து வலிக்கும்வரை சில்வெஸ்டர் கண்ணை அழுத்திக்கொண்டான். லட்சுமம்மாவுக்குக் கண்ணீர் வரவில்லை. சட்டையைக் கொடியில் போட்டார், சுருக்கம் நீவினார். வெளியே கிளம்பும் பிள்ளைக்குச் செய்வதுபோலக் கழுத்துப் பொத்தானை மட்டும் போட்டுவிட்டு நகர்ந்துபோனார்.

"கட்."

சேஷகிரி ஓகே என்று சொல்லவில்லை. இன்னொன்று என்றும் சொல்லவில்லை. வெளியே டாக்ஸியின் டிக்கி மூடும் சத்தம் கேட்டது.

"குரு, கேமரா நின்னுடுச்சு" என்று ரவிக்குமார் தோளைத் தொட்டான்.

சில்வெஸ்டர் கண்ணை எடுக்கவில்லை.