ஆர்வமில்லை

பசை காய்ந்துபோயிருந்தது. அவர் சோற்றுப்பானையைத் திறந்து இரண்டு பருக்கை எடுத்து நசுக்கி, விண்ணப்பத்தில் போட்டோவை ஒட்டி, கட்டைவிரலால் வெகுநேரம் அழுத்திப் பிடித்தார். அர்ச்சகர் வேலைக்கு அது அவருடைய நான்காவது விண்ணப்பம். பயிற்சிப் பள்ளியில் தேறி ஒன்பது வருஷம் ஆகியும் ஜெராக்ஸ் கடையில்தான் நின்றுகொண்டிருந்தார். முந்தைய மூன்றையும் கோயில் அலுவலகம் பிரித்துப் பார்த்ததாகவே தெரியவில்லை. இந்தத் தடவை, ஒவ்வொரு விண்ணப்பமும் என்ன ஆயிற்று என்று எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவு போட்டிருந்தது.

"சாமி முன்னாடி நிக்கறதுக்கு முதல்ல ஜட்ஜ் முன்னாடி நிக்கவேண்டியிருக்கு," என்று மனைவியிடம் சிரித்துக்கொண்டே செருப்பை மாட்டினார்.

தபால் ஆபீஸில் பதிவுத் தபால் ரசீதை வாங்கிச் சட்டைப்பையில் வைத்தவர், பெஞ்சில் உட்கார்ந்தார். எழுந்திருக்கவில்லை.

ஐந்து மாதம் கழித்து அவர் பேருக்கு நேர்காணல் கடிதம் வந்தது. நேர்காணல் முந்தின நாளே முடிந்திருந்தது. மனைவி அவருடைய இறப்புச் சான்றிதழின் நகலைக் கோயில் அலுவலகத்தில் கொண்டுபோய்க் கொடுத்து, முத்திரை குத்திய ஒப்புகையும் வாங்கி வந்தாள்.

பிறகு, நீதிமன்றத்துக்குப் போன அறிக்கையைக் கோயில் பலகையில் ஒட்டினார்கள். அவள் விரல் வைத்துத் தேடினாள். பதினேழாவது வரியில் அவர். எதிரே, 'அழைக்கப்பட்டார், வரவில்லை, ஆர்வமில்லை.' மேலே பதினாறு பேருக்கும் அதேதான். கீழே ஆறு பேருக்கும் அதேதான். ஆர்வமுள்ளவர் கடைசி வரியில் ஒரே ஒருத்தர். கோயில் மேலாளரின் மச்சான்.

அந்த ஒரு வார்த்தையை மட்டுமாவது அடித்துவிட வேண்டும் என்று நேரே கோயில் அலுவலகக் குமாஸ்தாவிடம் போனாள். பொட்டலத்தைப் பிரித்துத் தின்றுகொண்டிருந்தவர் எண்ணெய் விரலாலேயே கோப்பைப் புரட்டினார். அறிக்கையை நீதிமன்றம் ஏற்றுக்கொண்டாயிற்று, வழக்கும் முடிந்தாயிற்று என்றார்.

"கோர்ட் ஒத்துக்கிட்ட படிவம்மா இது. ஆர்வம் இருக்கு, ஆர்வம் இல்ல. ரெண்டே கட்டம். செத்துப்போனவங்களுக்குக் கட்டம் கிடையாது."

"ஆர்வம் இல்லாமயா ஒன்பது வருஷம் அலைஞ்சாரு?"

"வருத்தப்படாதீங்கம்மா. உயிரோட இருந்திருந்தாலும் இதேதான் போட்டிருப்போம்."

துக்கம் விசாரிக்கும் குரலில்தான் சொன்னார். வாயோரத்துத் துணுக்கை நாக்கால் துழாவி எடுத்துக்கொண்டார். பிறகு ஏதோ நினைத்தவராய், கோப்பிலிருந்த விண்ணப்பத்தின் போட்டோவையாவது எடுத்துக்கொண்டு போகச் சொல்லி, தானே நகத்தால் சுரண்டினார். ஓரத்தில் காகிதம்தான் பிய்ந்தது.

"எதப் போட்டுத்தான் ஒட்டினாரு?"

அவள் கோப்பைத் தன் பக்கம் இழுத்து, போட்டோவில் கணவர் முகத்தின்மேல் பதிந்திருந்த எண்ணெய்த் தடத்தை முந்தானையால் துடைத்தாள்.

போட்டோ ஒட்டியது ஒட்டியபடியே இருந்தது.