செஸ்நட் மரத்தில் வடிந்த கறுப்பு நீர்

கிழக்கு லண்டன் குட்மேய்ஸில் சந்திரவதனாவின் வீட்டுக்கும் பக்கத்து வீட்டுக்கும் நடுவில், நடைபாதை ஓரமாக ஒரு பெரிய செஸ்நட் மரம் நின்றது. 2009 யூன் தொடக்கத்தில் அதன் இலைகள் நெருப்புப் பட்டதுபோல் கருகின. அடிமரத்தில் பட்டை வெடித்துக் கறுப்பாக ஒரு நீர் வடியத் தொடங்கியது.

பக்கத்து வீட்டு யேசுரட்ணம்தான் நஞ்சு வைத்திருக்க வேண்டும் என்று அவள் நினைத்தாள். அவர் பிரான்ஸிலிருந்து வந்து ஒரு வருஷம்தான். குளியலறைகளுக்கு டைல்ஸ் பதிக்கிற வேலை. காய்கள் விழுந்து தன் வேன் நெளிகிறதென்று, மரத்தை வெட்டச் சொல்லி நகரக் கவுன்சிலுக்கு எழுதியவர். எந்த ஊர் என்று கேட்டால் யாழ்ப்பாணப் பக்கம் என்பதோடு நிறுத்திவிடுவார். ஊரில் போர் முடிந்த அந்த வருஷம் மே மாதத்துக்குப் பிறகு எங்கள் சனம் ஆளையாள் நம்புவது குறைந்திருந்தது. ஊர் சொல்லாத மனிதரைச் சந்தேகிக்கப் பெரிய காரணம் தேவைப்படவில்லை.

ஒருநாள் காலை ஆறு மணிக்கு, அவர் நீலப் பிளாஸ்டிக் கான் ஒன்றைச் சரித்து மரத்தின் வேரில் எதையோ ஊற்றுவதை அவள் யன்னலால் கண்டாள். டைல்ஸ் கழுவுகிற அசிட் அப்படியான கானில்தான் வரும். கணவர் ஞானேஸ்வரன், தெரியாத விஷயத்தில் தலையிடாதே என்றார். அவள் கேட்கவில்லை. யேசுரட்ணத்தின் பெயரையும் வீட்டு இலக்கத்தையும் போட்டுக் கவுன்சிலுக்குக் கடிதம் எழுதினாள். பிறகு அவர் கையசைத்தாலும் காணாததுபோல் உள்ளே போய்விடுவாள்.

இரண்டு கிழமையில் கவுன்சிலிலிருந்து மரங்களுக்குப் பொறுப்பான வெள்ளைக்காரப் பெண் ஒருத்தி வந்தாள். பட்டையைச் சுரண்டினாள், மண்ணைக் கிளறினாள், இலையை வெளிச்சத்தில் பிடித்துப் புழு அரித்த தடங்களைக் காட்டினாள். நஞ்சு இல்லை என்றாள். பட்டையில் கிருமி, இலையில் சின்ன அந்துப்பூச்சியின் புழு. லண்டன் முழுக்க செஸ்நட் மரங்களுக்கு இதே வருத்தம்தானாம். மருந்து கிடையாது, ஆனால் சில மரங்கள் தாமாகவே தேறிவிடும். அதனால் வெட்டாமல், பட்ட கிளைகளை மட்டும் எடுப்பார்கள். விழுகிற இலைகளுக்குள் பூச்சி குளிர்காலத்தைக் கழிப்பதால் அவற்றைக் கூட்டி அள்ளினால் நல்லது. போகும்போது இன்னொன்றும் சொன்னாள்: மரத்தை வந்து பாருங்கள் என்று பக்கத்து வீட்டுக்காரர் யூனிலேயே இரண்டு தரம் போன் எடுத்திருந்தார்.

சந்திரவதனா கூசிப்போனாள். அன்று பின்னேரமே அவருடைய கதவைத் தட்டினாள்.

“அண்ணை, கவுன்சிலுக்கு உங்கட பேரை எழுதினது நான்தான்.”

“தெரியும். அந்தக் கவுன்சில் பிள்ளை போன் எடுத்துக் கேட்டவ. கானில இருந்தது தண்ணி. வெயிலுக்குக் காயுதாக்கும் எண்டு ஊத்தினனான்.”

“வெட்டச் சொன்னனீங்கள்தானே?”

“ஓம், சொன்னனான். வெட்டச் சொல்லிக் கேக்கிறதும் களவாய்க் கொல்லுறதும் ஒண்டில்லை, தங்கச்சி.”

அவள் மன்னிப்புக் கேட்டாள். அவர் சரி என்றார். உள்ளே வரச் சொல்லவில்லை.

ஒக்டோபரில் ஒரு சனிக்கிழமை அவள் தனியே இலை கூட்டத் தொடங்கினாள். கொஞ்ச நேரத்தில் அவரும் விளக்குமாறும் பைகளுமாக வெளியே வந்து மற்றப் பக்கத்திலிருந்து கூட்டினார். நிரம்பிய பைகளை அவரவர் வாசலில் வைத்துவிட்டு உள்ளே போனார்கள். அடுத்த மூன்று சனிக்கிழமையும் அப்படியே.

மறு வருஷம் வெடிப்பு காய்ந்து, அதைச் சுற்றிப் புதுப் பட்டை திரண்டது. இலைகள் கருகத்தான் செய்தன, ஆனால் ஒரு மாதம் பிந்தி. யேசுரட்ணம் இப்போது அவளோடு கதைப்பார். ஆனால் ஒவ்வொரு தரமும், ஒரு கணம் அவளுடைய முகத்தைப் பார்த்து யோசித்துவிட்டுத்தான் வாய் திறப்பார்.