தளபதிக்கு வந்த பூப்பந்து

பூப்பந்தைக் கையால் பிடிக்கத் தெரியாத மனுஷன் இந்தப் பூலோகத்தில் உண்டா? உண்டு. சாலம்மாளுக்கு வாய்த்தவன் அப்படிப்பட்ட மகராசன்.

அவள் புருஷன் தீர்த்தகிரி, சூரமங்கலம் ரயில்வே கால்பந்து டீமில் பேக் ஆடியவன், கோலுக்கு முன்னால் நின்று பந்தை மறிக்கிறவன். பந்தாடுவதற்கென்றே வேலையும் கொடுத்துச் சம்பளமும் கொடுத்து வைத்திருந்தார்கள். அவனைத் தாண்டிப் பந்து போனால் காக்கை வெள்ளையாகும் என்பார்கள். போன வருஷம் பாழாய்ப்போன முழங்கால் திருகிக்கொண்டது, வேலையும் போயிற்று. குமாரபாளையத்து மாமனார் வீட்டுத் தறிக்குழியில் உட்கார்ந்து பார்த்தான். நாலு மிதி மிதிப்பதற்குள் கால் வீங்கிவிட்டது. "உன்ற ஊட்டுக்காரருக்குக் கால்ல இருந்த சாமி மலையேறிருச்சு" என்று சாலம்மாளின் அண்ணன் சென்னிமலையும் கையை விரித்துவிட்டான். மச்சான் பேசுகிற பேச்சா அது!

படம் பேச ஆரம்பித்திருந்த காலம். மலையடிவாரத்தில் இருந்த ஸ்டூடியோவில் வாட்டசாட்டமான ஆள் தேடினார்கள். தீர்த்தகிரியைப் பார்த்ததுமே தளபதி வேஷம் என்று சொல்லிவிட்டார்கள். போரில் ஜெயித்து வருகிறான் தளபதி. உப்பரிகையிலிருந்து இளவரசி பூவால் கட்டிய பூப்பந்து எறிகிறாள். இவன் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொள்ள வேண்டும். சரியாகச் செய்தால் மாதச் சம்பளத்தில் கம்பெனி நடிகன். இல்லையென்றால் நடையைக் கட்ட வேண்டியதுதான். தூக்குப்போசியில் சோறு கொண்டுவந்த சாலம்மாள், ஓரமாக நின்று தெரிந்த தெய்வத்தையெல்லாம் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள்.

பூப்பந்து வந்தது. தளபதி இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கொண்டுபோய், நெஞ்சால் தடுத்து, பாதத்தில் இறக்கி நிறுத்தினான்.

"கையால பிடிய்யா! கையால!" என்று டைரக்டர் கத்தினார்.

"சரிங்க, சரிங்க" என்றான் தீர்த்தகிரி.

அடுத்த தடவை வந்த வேகத்திலேயே உதைத்துவிட்டான். பந்து மேலே பறந்து, இளவரசியின் மூக்கில் சொத்தென்று அடித்தது. அவள் திட்டிய திட்டு எந்த ராஜ்ஜியத்து இளவரசியும் திட்டாத திட்டு.

டைரக்டர் தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார். "பிலிம் என்ன உங்க அப்பன் வீட்டுச் சொத்தா? இன்னும் ஒரே தடவை. அதையும் கெடுத்தே, உடுப்பை அவுத்து வெச்சுட்டுப் போயிடு!"

தீர்த்தகிரி மனைவியிடம் வந்தான். "வேணும்னு பண்ணலை, சாலா. பந்து வந்தா கை தானா ஒதுங்கிக்குது. கை பட்டா குத்தம்னே ஆடிப் பழகின ஒடம்பு. சொன்னாக் கேக்க மாட்டீங்குது."

சாலம்மாளுக்குக் கோபம் வரவில்லை. பாவமாக இருந்தது, அந்த நேரத்திலும் அவன்மேல் ஆசையாகவும் இருந்தது. கல்யாணமான புதிதில் வேலியோரம் நின்று வெட்கத்தோடு இந்த ஆட்டத்தைப் பார்த்தவள் அவள். பதினோரு பேரில் ஒருத்தன் மட்டும் பந்தைக் கையால் பிடிப்பான், அவனை யாரும் ஏனென்று கேட்க மாட்டார்கள் என்பது அவளுக்குத் தெரியும்.

"ஏனுங்க, இன்னைக்கு நீங்க பேக்கு இல்லீங்க. கோல்கீப்பருங்க. அவரு கையில புடிச்சா குத்தமுங்களா?"

"கோல்கீப்பரா? நானா?" பேக் ஆடியவனுக்கு அது கொஞ்சம் கௌரவக் குறைச்சல். "சரி, போ. வவுத்துப்பாடு" என்று திரும்பிப் போனான்.

இளவரசி மூக்கைத் தடவிக்கொண்டே ஆத்திரத்தோடு எறிந்தாள். பந்து கோணலாக வந்தது. தளபதி பக்கவாட்டில் ஓர் எட்டுப் பாய்ந்தான். இரண்டு கையாலும் பந்தை அள்ளி, பச்சைக் குழந்தையைப் போல நெஞ்சோடு அணைத்துக்கொண்டான். மறக்காமல் கண்ணிலும் ஒற்றினான்.

"அப்படிப் போடு!" என்று டைரக்டர் துள்ளினார். எல்லோரும் கைதட்டினார்கள். நாளையிலிருந்து கம்பெனி ஆள்தான் என்று மானேஜர் வாயாலேயே சொல்லிவிட்டார். சாலம்மாளுக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

தீர்த்தகிரி மட்டும் நின்ற இடத்தை விட்டு நகரவில்லை. பந்தை அணைத்தபடி அங்கும் இங்கும் தலையைத் திருப்பி எதையோ தேடினான். சாலம்மாள் பதறிக்கொண்டு ஓடினாள்.

"என்னங்க தேடறீங்க?"

"கையில புடிச்சிருக்கேன், சாலா. யாருமே விசில் ஊதலையே."

பூச்சுப் பூசிய கன்னத்தில் கண்ணீர் இறங்கியது. முழங்கால் போனபோது அழாதவன், வேலை போனபோதும் அழாதவன். ஆட்டம் முடிந்துபோனது என்பது இப்போதுதான் அவனுக்கு உறைக்கிறது என்று அவளுக்குப் புரிந்தது. நாலு பேர் முன்னால் புருஷனைத் தொட்டுப் பழக்கமில்லாதவள், பூப்பந்தோடு சேர்த்து அந்தக் கைகளை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"இனி ஊத மாட்டாங்க, என்ற சாமி" என்றாள்.