மாமன் சீரும் சாலையோர நிலமும்

"நாளைக்கு கோர்ட்டுல கையெழுத்துப் போட்டேன்னா, ரூபினி கல்யாணத்துக்கு மாமன் வரமாட்டான். யோசிச்சுக்க."

ராஜசேகரன் தேநீரைத் தொடவில்லை. லாபிஸிலிருந்து செனாயில் இருந்த தங்கை வீடு வரை அவன் காரோட்டி வந்தது இதைச் சொல்லத்தான். எதிரே தங்கை பிரேமலா தொழிற்சாலைச் சீருடையைக்கூட மாற்றாமல் நின்றாள். அறை வாசலில் அவள் மகள், கல்யாணப் பெண் ரூபினி.

பிரேமலாவின் அப்பா, தன் செம்பனைத் தோட்டத்தைச் சரிபாதியாகப் பிரித்து, மகனுக்கும் மகளுக்கும் தனித்தனியே நிலப் பட்டாவான கிராண்டு எடுத்துக் கொடுத்துவிட்டுத்தான் கண்ணை மூடினார். அவர் போன மறு வருஷமே ராஜசேகரன் எல்லை வேலியைப் பிடுங்கித் தங்கையின் நிலத்துக்குள் நட்டான். சாலையை ஒட்டிய பகுதி முழுவதும் அவன் பக்கம் போயிற்று. தன் நிலத்துக்குள் போக அவள் அண்ணனின் கேட்டைத் தட்ட வேண்டியதாயிற்று. கேட்டதற்கு, "கட்டிக் குடுத்த பொண்ணுக்கு எதுக்குலா மண்ணு?" என்றான்.

சொந்தக்காரர்களும் அதையே வேறு விதமாகச் சொன்னார்கள். "அண்ணங்கிட்ட போய் மண்ணு கேக்கறியே, நாளைக்கு நல்லது கெட்டதுக்கு யாரு வருவா?"

பொறுத்துப் பார்த்தவள் கடைசியில் வழக்குப் போட்டாள். நில அளவையாளர் வந்து, செம்பனை மட்டைக் குவியலுக்கு அடியில் கிடந்த எல்லைக் கற்களைக் கண்டுபிடித்தார். அதற்குப் பிறகுதான் அண்ணனின் வழக்கறிஞர் சமரசம் பேசினார். வேலி கற்களுக்கே திரும்பப் போகும். பதிலுக்கு, இத்தனை வருஷம் அவன் வெட்டி விற்ற பழக்குலைகளுக்கு அவள் நஷ்டஈடு கேட்கக் கூடாது.

"விட்டுக் குடுக்கறதுதான்க்கா. ஆனா கேஸ் இழுக்காது, உங்க நிலம் உங்களுக்கு வந்துரும்" என்றாள் அவளுடைய வழக்கறிஞர் ஷிரீன். பிரேமலா ஒப்புக்கொண்டாள்.

இப்போது அண்ணன் வேறொரு சமரசத்தோடு வந்திருந்தான்.

"ரோட்டோர நிலத்த அண்ணனுக்கே விடறேன்னு சொல்லிரு. மேளத்தோட வந்து சீர் செய்யறேன். இல்லன்னா எனக்குத் தங்கச்சியே கெடையாது." அவன் தங்கையின் கணவன் பக்கம் திரும்பினான். "நீங்களாச்சும் சொல்லுங்க மச்சான்."

"நிலம் அவ பேர்ல இருக்கு. நான் என்ன சொல்றது?" என்றான் காளிதாஸ்.

பிரேமலா ஆறிப்போன தேநீரை அண்ணன் பக்கம் நகர்த்தினாள். ரூபினிக்குக் காது குத்தியபோது, அவளை மடியில் வைத்துக்கொண்டு அவளோடு சேர்ந்து அழுதவன் இந்த அண்ணன்தான்.

"நீங்க வரணும்னு எனக்கு ரொம்ப ஆசைண்ணே" என்றாள். "ஆனா அதுக்கு நிலத்தக் குடுத்துதான் ஆகணும்னா, அது சீர் இல்ல, வியாபாரம். எனக்கு வேணாம்."

மறுநாள் சிகாமட் நீதிமன்றத்தில் உடன்பாட்டைப் படித்துக் காட்டினார்கள். யாராவது மிரட்டிச் சம்மதிக்க வைத்தார்களா என்று நீதிபதி மொழிபெயர்ப்பாளர் மூலம் கேட்டார்.

"மிரட்டினாங்க" என்றாள் பிரேமலா. ஷிரீன் திடுக்கிட்டுத் திரும்பினாள். "நிலத்த விட்டுக் குடுக்கச் சொல்லி மிரட்டினாங்க. நான் விடல. இந்த உடன்பாட்டுக்கு என் மனசாரச் சம்மதம்."

நீதிபதி கண்ணாடியைக் கழற்றி ராஜசேகரனைப் பார்த்தார். அவன் தலையைக் குனிந்தபடியே, "சம்மதம்" என்றான். உடன்பாடு நீதிமன்ற ஆணையாயிற்று. வேலியும் கற்களுக்குத் திரும்பியது.

ஸ்கூடாய்க் கோயில் மண்டபத்தில் கல்யாணம். ராஜசேகரன் வரவில்லை. அவன் மனைவி ஷாமளா மட்டும் வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

"தாய்மாமன் வாங்க" என்று குருக்கள் அழைத்தார். யாரும் எழவில்லை. முணுமுணுப்பு பரவியது. ஒரு பெரியவர் எழுந்து, "தூரத்துச் சொந்தத்துல யாரையாச்சும் நிக்க வச்சுக்கலாமே" என்றார்.

"இரவல் மாமன் வேணாங்க" என்றாள் பிரேமலா. பட்டுச்சேலைத் தட்டைக் கையில் எடுத்தாள். அதன்மேல் மாலையை வைத்துக்கொண்டு மணவறை ஏறினாள்.

குருக்கள் தயங்கினார். "அம்மா, இது பொறந்த வீட்டுச் சீரு..."

"தெரியும் ஐயா. பொறந்த வீட்டு நிலம் என் பேர்ல இருக்கு. அந்த வீட்டுச் சீர நான் செய்யக் கூடாதா?"

குருக்கள் ஒதுங்கி வழிவிட்டார். காளிதாஸ் மேளக்காரரிடம், "வாசிங்கண்ணே" என்றான். மேளம் முழங்க, பிரேமலா மகளுக்கு மாலை போட்டாள். ரூபினி அழவில்லை, சிரித்துக்கொண்டே அம்மாவின் காலில் விழுந்தாள்.

பந்தி முடிந்து கை கழுவும் இடத்தில் ஷாமளா பிரேமலாவை மெல்லத் தனியே அழைத்தாள்.

"அந்த லாயரம்மா நம்பர் வேணும், பிரேமலா."

"எதுக்கு அண்ணி?"

"எங்கப்பா தோட்டத்துல என் அண்ணனுங்க எனக்குப் பங்கு தரல. உங்கண்ணன்தான் வாங்கிட்டு வரச் சொன்னாரு. பொம்பளைக்கும் சட்டத்துல பங்கு இருக்குல்லங்கிறாரு."

பிரேமலாவுக்குச் சிரிப்பதா, திட்டுவதா என்று தெரியவில்லை. கைப்பேசியை எடுத்து எண்ணை அனுப்பினாள்.

"அனுப்பிட்டேன் அண்ணி. பங்க விடாதீங்க. ஆனா கிராண்டு உங்க பேர்ல மட்டும் வரணும். எங்கண்ணன் பேரு அதுல ஓர் ஓரத்துலகூட இருக்கக் கூடாது."

ஷாமளா சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு எண்ணைப் பதிந்துகொண்டாள்.

"அதத்தான் நானும் நெனச்சேன்" என்றாள். "அவருகிட்ட மட்டும் சொல்லிராத."