மாமியார் வாய் திறந்த கதை

முனீஸ்வரி மேடையில் அழுதால் தளவாய்புரத்துக் கிணறுகளில் தண்ணீர் ஒரு முழம் ஏறும் என்பார்கள். அது பொய். அரை முழம்தான் ஏறும். அப்படிப்பட்டவள் இப்போது ஸ்ரீவில்லிபுத்தூரில் இருந்துகொண்டு சென்னை டிவிக்கு சீரியல் எழுதுகிறாள். எழுதுகிறாள் என்பது மரியாதைக்குச் சொல்வது. பேனாவைத் தொடமாட்டாள். அவள் நடித்த நாடகங்களில் ராஜபார்ட் ஒரு கேள்வி போடுவார், ஸ்திரீபார்ட் பதில் போடுவாள், தர்க்கம் அப்படியே வளரும். அந்தப் பழக்கத்தில், எதிரே ஓர் ஆள் மல்லுக்கு நின்றால்தான் அவளுக்கு வசனம் வரும். அதை செல்போனில் பதிந்து அனுப்புவாள். சென்னையில் யாராவது எழுதிக்கொள்வார்கள்.

மல்லுக்கு நின்றவர் இராஜபாளையம் இருளப்பசாமி. மேடையில் அவளுடைய காதலர், இறங்கினால் அண்ணாச்சி. சுந்தரபாண்டியத்தில் ஒருமுறை இருவருக்கும் தர்க்கம் முற்றி, யார் ஜெயித்தார்கள் என்று தெரியாமல் உதிக்கமாட்டேன் என்று சூரியன் பனைமரத்துக்குப் பின்னாலேயே நின்றுவிட்டது. சீரியல் வசனத்துக்கு அவள் மருமகள், அவர் மாமியார். நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது.

ஆடி மாதம் அண்ணாச்சியின் மனைவி அழகுத்தாய் இறந்துபோனாள். காரியம் முடிந்த நாளிலிருந்து அவர் பேசவில்லை. டாக்டர் தொண்டைக்குள் டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு எல்லாம் சரியாக இருக்கிறது என்றார்.

முனீஸ்வரி விடவில்லை. காலையில் டவுன் பஸ் ஏறி வந்து, எதிரே உட்கார்ந்து, போனை அமுக்கிவிட்டுச் சண்டையை ஆரம்பிப்பாள்.

"யத்தே, என் நகையை என்ன செஞ்சிய? கேக்கேன்ல?"

அண்ணாச்சி சுவரைப் பார்ப்பார்.

"விடுங்கத்தே," என்றாள் அவர் மகள் வெங்கடேஸ்வரி. "அம்மா போனதோட அப்பா பேச்சும் போயிருச்சு."

"எங்கட்டி போயிருக்கும்? பஸ் ஸ்டாண்டு வரைக்கும் போயிருக்கும். வந்துரும்."

தானாக ஒரு பதிலைக் கற்பனை செய்து அவர் இடத்தில் வைக்க முனீஸ்வரிக்கு மனசு வரவில்லை. அதனால் சீரியலிலும் மாமியார் பேசவில்லை. மருமகள் கத்துவாள், மாமியார் பார்ப்பாள், தொடரும் போட்டுவிடுவார்கள். தமிழ்நாடே நடுங்கிப்போனது. இப்படியொரு கொடுமைக்காரியை யாரும் கண்டதில்லையாம். வாய் ஓயாமல் திட்டுகிற மாமியார்களை மருமகள்கள் கையெடுத்துக் கும்பிட ஆரம்பித்தார்கள்.

டைரக்டர் ஜெபின் கூப்பிட்டான். "அக்கா, நாமதான் நம்பர் ஒன்! மாமியார் மட்டும் வாயைத் திறந்தாங்க, அம்புட்டும் போச்சு. சேனல்ல உங்களையே மாத்திருவாங்க."

முனீஸ்வரி மறுநாளும் அதே டவுன் பஸ் ஏறினாள். அண்ணாச்சி ஒரு வார்த்தை பேசினால் அவளுக்குப் போதும்.

ஐப்பசி பிறந்தபோது, ஒற்றை ஆளாகக் கத்திக் கத்தி அவள் தொண்டை கட்டிக்கொண்டது. அண்ணாச்சிக்கு எதிரே உட்கார்ந்து அவள் வாயைத் திறந்தால் பஞ்சரான டயர் மாதிரி காற்றுதான் வந்தது. இன்னொரு தடவை பேசிப் பார்த்தாள். காற்று. பயந்துபோனாள். அந்தக் குரலை விட்டால் அவளுக்கு வேறு சொத்து கிடையாது. கண் நிறைந்துவிட்டது.

நாடகக்காரர்களுக்கு ஒரு தர்மம் உண்டு. எதிராளிக்குத் தொண்டை கட்டினால் அதைச் சபைக்குத் தெரியவிடக் கூடாது. அவர் பங்கையும் சேர்த்து நாமே பேசிக் காப்பாற்றிவிட வேண்டும். அண்ணாச்சி திரும்பி அவளைப் பார்த்தார். கழுத்து நரம்பு புடைத்தது.

"யத்தே!" என்றார். முனீஸ்வரியின் குரல் அச்சு அசலாக வந்தது. "எம்புட்டு நாளைக்கு இப்படிச் சுவத்தையே பாத்துக்கிட்டு இருப்பிய? பேசுனா கொறஞ்சா போவிய?"

அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டாள். அவரே மாமியாராகவும் பதில் சொன்னார். குரல் மட்டும் அவருடையது.

"பேசலாம்ட்டி. ஒரு சொல்லுக்கு ஒம்பது சொல்லு திருப்பித் தாரவ போயிட்டாளே. கொழம்புல உப்பு இல்லைன்னு இனிமே யார்ட்ட சொல்லுவேன்? 'ஒம்ம நாக்குதான் செத்துப்போச்சு'ன்னு யாரு சொல்லுவா?"

அடுப்படி வாசலில் கரண்டியோடு நின்ற வெங்கடேஸ்வரி அப்படியே உட்கார்ந்துவிட்டாள். முனீஸ்வரி முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். போன் பதிந்துகொண்டுதான் இருந்தது. ஒரு சொல்லும் வெட்டாமல் சென்னைக்கு அனுப்பினாள்.

ஜெபின் உடனே கூப்பிட்டுக் கத்தினான். "அக்கா! அவ்வளவு சொல்லியும் மாமியாரைப் பேச விட்டுட்டீங்களே!"

அவள் வாயைத் திறந்தாள். காற்று. போனை அண்ணாச்சியிடம் நீட்டினாள்.

"ஏலே, பேசக் கூடாதுன்னு சொல்ல நீ யாருலே?" அண்ணாச்சி துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். "ஒங்க வீட்ல அம்மா இருக்காளா? இருக்காளா... சரி, அவட்ட கடைசியா எப்பம் பேசுன?"

தர்க்கம் இரண்டு போன் சார்ஜுக்கு நடந்தது. ஜெபின் தோற்றதோடு நிற்காமல் அன்றைக்கே அம்மாவைப் பார்க்க நாகர்கோவிலுக்கு ரயில் ஏறிவிட்டான்.

மாமியார் பேசினாள். சீரியல் நாலாம் இடத்துக்கு இறங்கியது. சேனல்காரர்கள் முகத்தைத் தூக்கினார்களே தவிர, ஆளை மாற்றவில்லை. முனீஸ்வரிக்குத் தொண்டை திறக்க நாளாயிற்று. அதுவரை மருமகளும் அண்ணாச்சிதான். அவள் சுக்குக் காப்பியைக் குடித்தபடி எதிரே உட்கார்ந்து, மருமகளை இம்புட்டு மட்டமாகப் பேச வைக்கலாமா என்று கையாலேயே சண்டை போட்டாள்.